குளிருக்கு அஞ்சிப் பறந்த பறவைக்குத் தவக்குல் குறைவா?



ஐப்பசி மழை தொடங்கிவிட்டால் நம் பகுதியில் உப்பளங்கள் ஓய்ந்துவிடும். பாத்திகளில் மழைத்தண்ணீர் நிற்கும். உப்பு வாரும் பலகைகள் சும்மா கிடக்கும். அளத்துத் தொழிலாளிகள் தை வரைக்கும் வேறு வேலை தேடி அலைவார்கள். அந்த நாட்களில் தூத்துக்குடியிலிருந்து திருச்செந்தூர் சாலையில் போனால், முத்தையாபுரம் தாண்டியதும் வண்டியைச் சற்று ஓரமாக நிறுத்திப் பாருங்கள். மனிதர்களுக்கு வேலை இல்லாத அந்தச் சேற்றில் நூற்றுக்கணக்கான சிறு பறவைகள் தலையை நிமிர்த்தாமல் வேலை செய்துகொண்டிருக்கும்.

பூநாரை வந்தால் எல்லோரும் கைப்பேசியை எடுக்கிறோம். அது அழகான பறவைதான். ஆனால் நம் நாட்டில் அது கூடு கட்டுவது குஜராத்தின் கட்ச் ரண் பகுதியில். நாம் யாரும் படம் எடுக்காத, மண் நிறத்தில் ஓடித் திரியும் உள்ளான்கள்தான் உண்மையில் தூரத்து விருந்தாளிகள். கொசு உள்ளான் என்று ஒன்று இருக்கிறது. அதன் எடை சுமார் 25 கிராம். ஐரோப்பாவின் வடகோடியிலும் சைபீரியாவிலும், மரமே முளைக்காத துருவச் சமவெளியில் அது முட்டையிடுகிறது. வளைமூக்கு உள்ளான் சைபீரியாவின் டைமிர் தீபகற்பம் போன்ற இடங்களில் பிறக்கிறது. அங்கிருந்து நம் கடற்கரை ஏறத்தாழ 7,000 கிலோமீட்டர்.

இவை ஏன் இங்கே வருகின்றன? குளிர் தாங்காமல் என்று சொல்லிவிடுவோம். அது பாதி உண்மைதான். இறகு என்பது அல்லாஹ் கொடுத்த அருமையான போர்வை. இறகைச் சிலிர்த்துக் காற்றை உள்ளே பிடித்து வைத்துக்கொண்டால் கடுங்குளிரையும் ஒரு பறவை தாங்கும், வயிற்றில் ஏதாவது இருந்தால். உள்ளானின் உணவு சேற்றுக்குள் இருக்கும் புழுவும் பூச்சியும். சேறு உறைந்து கல்லாகிவிட்டால் அதன் அலகுக்கு அங்கே வேலை இல்லை. குளிரைக் காட்டிலும் பசிதான் அதைக் கிளப்புகிறது. வளைகுடாவுக்கு விமானம் ஏறிய நம் பிள்ளைகளைக் கேளுங்கள், இதை எளிதில் புரிந்துகொள்வார்கள்.

ஆனால் எல்லாப் பறவைகளும் கிளம்பிவிடுவதில்லை. அதே வடக்கில், அதே பனியில், இருந்த இடத்திலேயே இருந்து குளிர்காலத்தைக் கடக்கும் பறவைகளும் இருக்கின்றன. அப்படியானால் கேள்வி ஒன்று எழுகிறது. பனியிலேயே தங்கியவை இறைவனை முழுமையாக நம்பின, பறந்து போனவை நம்பிக்கை குறைந்து ஓடின என்று சொல்லலாமா? அல்லது, கிளம்பியவைதான் உழைத்தன, தங்கியவை சோம்பிக் கிடந்தன என்று திருப்பிச் சொல்லலாமா? பறவைகளைப் பற்றி யாரும் இப்படிப் பேசுவதில்லை. மனிதர்களைப் பற்றி நம் வீடுகளில் தினமும் இதைத்தான் பேசுகிறோம். அதனால்தான் இதைக் கொஞ்சம் விரிவாகப் பார்க்கலாம் என்று நினைக்கிறேன்.

தவக்குல் என்றதும் நாம் எல்லோரும் நினைவுகூரும் ஹதீஸ் ஒன்று உண்டு. திர்மிதியில் பதிவானது. காலையில் பசியோடு கிளம்பி, மாலையில் வயிறு நிறைந்து திரும்பும் பறவையை நபி (ஸல்) அவர்கள் அதில் எடுத்துக்காட்டினார்கள். அந்தப் பறவை கிளம்புகிறது, கூட்டில் உட்கார்ந்திருக்கவில்லை என்பதை உலமாக்கள் பலமுறை நமக்குச் சொல்லியிருக்கிறார்கள். அதை நான் நீட்டப் போவதில்லை. அந்த ஹதீஸை அறிவிப்பவர் யார் என்பதை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். உமர் இப்னுல் கத்தாப் (ரலி) அவர்கள். பிறகு அவர்களிடம் வருவோம்.

முதலில் தங்கும் பறவைகள். வட அமெரிக்காவில் சிக்கடீ என்றொரு குருவி இருக்கிறது. நம் சிட்டுக்குருவியைவிடச் சிறியது, 11 அல்லது 12 கிராம். பனிக்காலத்தில் பகல் மிகவும் குறுகியது. அந்தக் கொஞ்ச நேரத்திற்குள் அது தின்று தின்று உடம்பில் கொழுப்பைச் சேர்க்கிறது. இரவானதும் ஒரு மரப்பொந்தில் அடைந்துகொள்கிறது. பகலில் 42 டிகிரி செல்சியஸ் இருக்கும் உடல்சூட்டை, பத்து டிகிரிக்கும் மேலாக இறக்கிக்கொள்ளும். அடுப்பைத் தணித்து விறகை மிச்சம் பிடிப்பது போலத்தான். பிறகு விடிய விடிய நடுங்கும். அந்த நடுக்கம்தான் அதற்குச் சூடு. பகலில் சேர்த்த கொழுப்பு விடியும்போது ஏறக்குறையத் தீர்ந்திருக்கும். காலையில் அது வெளியே வருவது வெறும் வயிற்றோடு. ஹதீஸில் சொல்லப்பட்ட பறவையை நாம் உவமையாக மட்டும் படிக்கிறோம். இந்தக் குருவிக்கு அது ஒவ்வொரு நாளும் அப்படியே நடக்கிறது. ஒரு நாள் மாலை வயிறு நிறையாமல் திரும்பினால் மறுநாள் காலையை அது பார்ப்பது சந்தேகம்.

பனிக்கோழி வேறு விதம். பாதம் வரைக்கும் இறகு மூடியிருக்கும். இரவில் பனிக்குள்ளேயே குழி தோண்டிப் புதைந்துகொள்ளும். மேலே வீசும் காற்றைவிடப் பனிக்கு உள்ளே குளிர் குறைவு. உறைந்த ஏரியின் மேல் வாத்து நிற்கிறதே, அதன் காலில் ஓர் ஏற்பாடு இருக்கிறது. உடம்பிலிருந்து காலுக்கு இறங்கும் சூடான இரத்தக் குழாயும், காலிலிருந்து திரும்பும் குளிர்ந்த இரத்தக் குழாயும் ஒட்டி ஒட்டிப் போகின்றன. இறங்கும் இரத்தத்தின் சூட்டை ஏறும் இரத்தம் வாங்கிக்கொண்டு உடம்புக்கே திருப்பிக் கொண்டுபோகிறது. பாதம் பனியின் குளிருக்குப் பக்கத்தில் இருக்கும், நெஞ்சு சூடாக இருக்கும். வட அமெரிக்க மலைகளில் காக்கை இனத்துப் பறவை ஒன்று, கிளார்க் நட்கிராக்கர் என்பார்கள், இலையுதிர் காலத்தில் பல்லாயிரம் பைன் விதைகளை மண்ணில் புதைத்து வைக்கிறது. மாதங்கள் கழித்து, பனி மூடிய பிறகும், வைத்த இடத்தை நினைவு வைத்துத் தோண்டி எடுக்கிறது. சேமிப்பது தவக்குலுக்கு எதிரானது என்று நினைப்பவர்கள், நபி (ஸல்) அவர்கள் தம் குடும்பத்தாருக்கு ஓராண்டுக்கான உணவை ஒதுக்கி வைத்த செய்தி ஸஹீஹான நூல்களில் இருப்பதையும் சேர்த்துப் படிக்க வேண்டும்.

என்னை அதிகம் யோசிக்க வைத்தது ஐரோப்பாவின் கோல்ட்கிரெஸ்ட் என்ற குருவி. எடை 5 அல்லது 6 கிராம். நம் ஐந்து ரூபாய் நாணயத்தின் எடைதான் இருக்கும். பின்லாந்து போன்ற நாடுகளின் காடுகளில் அவற்றில் சில குளிர்காலம் முழுக்கத் தங்கிவிடுகின்றன. இவ்வளவு சிறிய உடம்பு தனியாக அந்த இரவைத் தாங்குவது மிகவும் கடினம். ஆகவே இரவானதும் ஒரு கிளையில் இரண்டு மூன்றாக நெருங்கி, ஒன்றோடொன்று ஒட்டி, தலையை உள்ளே இழுத்துக்கொண்டு ஒரே பந்தாகிவிடுகின்றன. தங்குவது என்று முடிவு செய்த பலவீனமானவருக்குப் பக்கத்தில் இன்னொருவர் வேண்டும்.

இனி கிளம்பும் பறவைகள். போவது எளிதான வழி என்று நினைத்துவிடாதீர்கள். பட்டைவால் மூக்கன் என்ற கரைப்பறவை நம் மன்னார் வளைகுடாவுக்கும் வருகிறது. அதே இனத்தில், அலாஸ்காவில் பிறந்து ஐந்தே மாதமான ஒரு குஞ்சு, 2022 அக்டோபரில் அங்கிருந்து கிளம்பி ஆஸ்திரேலியாவின் டாஸ்மேனியா வரை 13,560 கிலோமீட்டர் பறந்தது. முதுகில் பொருத்திய சிறு கருவி வழியே ஆய்வாளர்கள் அதைத் தொடர்ந்தார்கள். 11 நாள். நடுவில் எங்கும் இறங்கவில்லை. கடலில் இறங்கினால் அதனால் மீண்டும் எழ முடியாது. இப்படிப் பறப்பதற்கு முன்பு இந்த இனம் ஏராளமான கொழுப்பைச் சேர்க்கிறது. சேர்த்த பிறகு தன் குடலையும் இரைப்பையையும் சுருக்கிக்கொள்கிறது. வழியில் சாப்பாடு இல்லை. அப்படியிருக்க அந்தச் சுமை எதற்கு?

வளைமூக்கு உள்ளானில் இன்னொரு விஷயம். முட்டையிட்ட சில வாரங்களில் ஆண் பறவைகள் முதலில் கிளம்பிவிடும். அடுத்துத் தாய்ப்பறவைகள். குஞ்சுகள் கடைசியில்தான் புறப்படும், வழிகாட்ட ஒருவரும் இல்லாமல். அந்தக் குஞ்சு கடலையே பார்த்ததில்லை. உப்பளம் என்றால் என்னவென்று அதற்குத் தெரியாது. அது நேராக நம் ஊர்ச் சேற்றில் வந்து இறங்குகிறது. வானில் சிறகை விரித்தும் மடக்கியும் செல்லும் பறவைகளைப் பார்க்கவில்லையா என்று அல்முல்க் அத்தியாயம் நம்மைக் கேட்பதன் கனம் இந்த இடத்தில்தான் எனக்குப் புரிகிறது.

இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். நடுங்கிக்கொண்டே இரவைக் கழிப்பது, குடலைச் சுருக்கிக்கொண்டு கடலைக் கடப்பது. இதில் எது தவக்குல்? எது ஓட்டம்?

இப்போது உமர் (ரலி) அவர்களிடம் வருவோம். அவர்கள் ஷாம் நாட்டை நோக்கிப் போகிறார்கள். ஸர்க் என்ற இடத்தில் தளபதி அபூஉபைதா (ரலி) அவர்கள் எதிரே வந்து, ஷாமில் கொள்ளைநோய் பரவிவிட்டது என்கிறார்கள். உமர் (ரலி) முஹாஜிர்களைக் கேட்டார்கள், அன்ஸாரிகளைக் கேட்டார்கள், குறைஷிப் பெரியவர்களைக் கேட்டார்கள். கடைசியில் திரும்பிவிடுவது என்று முடிவெடுத்தார்கள். அபூஉபைதா (ரலி) அவர்களுக்கு அது பொறுக்கவில்லை. அல்லாஹ்வின் விதியை விட்டா ஓடுகிறீர்கள் என்று கேட்டுவிட்டார்கள். ஒரு விதியிலிருந்து அல்லாஹ்வின் இன்னொரு விதிக்குத்தான் போகிறோம் என்ற கருத்தில் உமர் (ரலி) பதில் சொன்னார்கள். சொல்லிவிட்டு ஒட்டகத்தை உதாரணம் காட்டினார்கள். பள்ளத்தாக்கின் ஒரு பக்கம் பசுமை, மறுபக்கம் வறட்சி. எந்தப் பக்கம் மேய்த்தாலும் அது அல்லாஹ்வின் விதிப்படிதானே? புகாரியில் உள்ள செய்தி இது. பறவையின் ஹதீஸை நமக்குச் சொன்ன அதே உமர் (ரலி) அவர்கள்தான் மேய்ச்சலைத் தேடிப் போவதும் கத்ரில் அடங்கியதே என்றும் விளக்கினார்கள்.

இதோடு நிறுத்தினால் கதை பாதிதான். கொள்ளைநோய் உள்ள ஊருக்குள் போக வேண்டாம், நோய் வந்த ஊரில் இருந்தால் அதைவிட்டு ஓடவும் வேண்டாம் என்ற நபிமொழியை அப்துர் ரஹ்மான் இப்னு அவ்ஃப் (ரலி) வந்து எடுத்துச் சொன்னார்கள். உமர் (ரலி) வெளியே நின்றவர், திரும்பினார். அபூஉபைதா (ரலி) உள்ளே இருந்தவர், தம் படையினரோடு தங்கினார். மதீனாவுக்கு வந்துவிடுமாறு உமர் (ரலி) கடிதம் எழுதியும் படையை விட்டு வர அவர் சம்மதிக்கவில்லை என்று வரலாற்றாசிரியர்கள் எழுதுகிறார்கள். அம்வாஸ் கொள்ளைநோய் என்று பெயர் பெற்ற அந்த நோயிலேயே அவர் வஃபாத்தானார். போனவரை நாம் கோழை என்பதில்லை. தங்கியவரை முட்டாள் என்பதில்லை. இருவரும் சொர்க்கத்துக்கு நன்மாராயம் கூறப்பட்ட பத்துப் பேரில் உள்ளவர்கள்.

நம் கடற்கரையின் கதையும் இதுதான். பழையகாயல் துறைமுகத்தை மார்கோ போலோ 13-ஆம் நூற்றாண்டிலேயே எழுதி வைத்தார். அரேபியாவிலிருந்து குதிரைகளோடு கப்பல்கள் வந்தன. தென்மேற்குக் காற்றில் வந்தவர்கள் வடகிழக்குக் காற்றுக்குக் காத்திருந்து திரும்பினார்கள். சிலர் திரும்பவில்லை, இங்கேயே குடும்பமானார்கள். குறைஷியரின் குளிர்காலப் பயணத்தையும் கோடைகாலப் பயணத்தையும் அல்லாஹ் தன் அருளாக ஓர் அத்தியாயத்தில் நினைவூட்டுகிறான். நம் முன்னோருக்கும் இரண்டு பருவமும் இரண்டு பயணமும் இருந்தன.

முத்துக்குளித்தவர்கள் வேறொரு பாடம் கற்றார்கள். கடலடியில் சிப்பி வளரும் இடத்தை முத்துப்பார் என்பார்கள். பார் சில ஆண்டு நிறைந்திருக்கும், பிறகு பல ஆண்டு வெறுமையாகிவிடும், யாரும் காரணம் சொல்ல முடியாது. 1955-இல் தொடங்கி 1961 வரை தூத்துக்குடியில் தொடர்ந்து முத்துக்குளிப்பு நடந்தது. அதோடு நின்றுவிட்டது. இடுப்பில் கயிறும் காலில் கல்லும் கட்டி இறங்கத் தெரிந்தவர்கள் என்ன செய்தார்கள்? சிலர் அதே கடலில் சங்கு குளிக்கப் போனார்கள். சிலர் வலை எடுத்தார்கள். சிலர் கொழும்புக்கும், பிறகு வளைகுடாவுக்கும் போனார்கள். நம் பெரியவர்கள் இவர்களைச் சபுராளி என்பார்கள்.

சபுராளி வீடுகளில் என்ன பேச்சு நடக்கிறது என்று உங்களுக்கே தெரியும். "காக்கா காசைப் பார்த்துப் போயிட்டாரு, உம்மாவுக்கு மருந்து எடுத்துக் கொடுக்கிறது நான்தான்" என்று ஊரில் இருக்கும் தம்பி சொல்வான். "அவனுக்குத் துணிச்சல் இல்லை, உம்மா மடியிலேயே உட்கார்ந்துட்டான், வீட்டுக்கு ஓடு போட்டது என் காசு" என்று அங்கிருந்து காக்கா சொல்வார். இருவரும் தத்தம் பக்கத்துக்குத் தவக்குலைச் சாட்சிக்கு அழைப்பார்கள். ஜனாஸாவுக்கு வர முடியாமல் போனவனிடம் நாம் கேட்கும் கேள்விகள் இன்னும் கொடுமையானவை.

நான் இதில் ஒரு பக்கம் சாயப் போவதில்லை, ஆனால் ஒன்றைத் தெளிவாகச் சொல்ல வேண்டும். தவக்குல் உள்ளத்தின் செயல். அதைப் பாஸ்போர்ட்டில் தேட முடியாது. கிளம்பும் பறவை கொழுப்பைச் சேர்க்காமல் கிளம்பினால் கடலில் விழும். தங்கும் பறவை பகலெல்லாம் தூங்கிவிட்டு இரவில் நடுங்கத் தெம்பிருக்காது. அப்படிப்பட்ட இருவரையும் கேள்வி கேட்கலாம். கடன் வாங்கி, மொழி தெரியாமல், வேலை என்னவென்றும் விசாரிக்காமல் ஏஜென்ட் கையில் பணத்தைக் கொடுத்துவிட்டு "அல்லாஹ் பார்த்துக்கொள்வான்" என்பவரைக் கேட்கலாம். ஊரில் இருந்துகொண்டு, அனுப்பி வைக்கும் பணத்தை எதிர்பார்த்து, பெற்றோரையும் கவனிக்காமல் "நான் உம்மாவுக்காகத் தங்கினேன்" என்பவரையும் கேட்கலாம். தன்னால் ஆனதைச் செய்துவிட்டுப் போனவரையும், தன்னால் ஆனதைச் செய்துகொண்டு இருப்பவரையும் கேட்க நமக்கு என்ன உரிமை இருக்கிறது?

கேட்க வேண்டிய கேள்வி ஒன்று நம்மிடமே இருக்கிறது. பறவை தன் பங்கைச் செய்துவிட்டு வந்து இறங்கும் இடம் நம்முடைய இடம். அதன் ரிஸ்க் நம் சேற்றில் வைக்கப்பட்டிருக்கிறது. அந்தச் சேற்றை நாம் சும்மா கிடக்கும் நிலம் என்கிறோம். கோழிக்கழிவை மூட்டை கட்டி அங்கேதான் வீசுகிறோம். அல்லாஹ் கொடுக்கிறான் என்று மிம்பரில் சொல்லிவிட்டு, கொடுக்கும் தட்டில் குப்பை போட்டால் அது என்ன நியாயம்?

மன்னார் வளைகுடாவின் 21 தீவுகள் 1986-இல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டன. அவற்றில் தூத்துக்குடியை அடுத்த விலங்குச்சல்லியும், கீழக்கரைப் பக்கத்துப் பூவரசன்பட்டியும் இன்று கடலுக்கு அடியில் இருக்கின்றன. அலையைத் தடுத்து நின்ற பவளப்பாறைகளைச் சுண்ணாம்புக்கும் கட்டடத்துக்கும் பல ஆண்டுகள் வெட்டி எடுத்தது முக்கியக் காரணம். வெட்டியவர்கள் வெளிநாட்டார் இல்லை. இதே கடற்கரைக்காரர்கள், வயிற்றுப்பாட்டுக்காக. அவர்கள்மேல் கோபப்பட எனக்கு மனம் வரவில்லை, ஆனால் தீவு போனது போனதுதான்.

நாங்குநேரி அருகே கூந்தன்குளம் இருக்கிறது. 1994-இல் சரணாலயமானது. இமயமலையைத் தாண்டி வரும் பட்டைத்தலை வாத்து அங்கே குளிர்காலத்தைக் கழிக்கிறது. அந்த ஊர் மக்கள் பறவைகளுக்காகத் தீபாவளிக்குப் பட்டாசு வெடிப்பதில்லை. பறவைகள் வந்தால் ஊருக்கு நல்லது என்பது அவர்கள் நம்பிக்கை. நம் மார்க்கத்தில் இல்லாத அந்த மக்கள் செய்வதைப் பார்த்து நாம் வெட்கப்படத்தான் வேண்டும். ஏனென்றால் நமக்குச் சொல்லப்பட்டது அதைவிடத் தெளிவானது. ஒரு பயணத்தில் தோழர்கள் சிலர் ஒரு பறவையின் இரண்டு குஞ்சுகளை எடுத்துவிட்டார்கள். தாய்ப்பறவை வந்து சிறகடித்துத் தவித்தது. அதன் குஞ்சுகளைப் பறித்து அதை வேதனைப்படுத்தியது யார் என்று விசாரித்து, திருப்பிக் கொடுக்கச் சொன்னார்கள் நபி (ஸல்) அவர்கள். அபூதாவூதில் உள்ள செய்தி.

"ஹஸ்ரத், உள்ளான் கறி ஹலால்தானே?" என்று சிலர் கேட்பதுண்டு. ஹலாலான இறைச்சி என்பதற்காக எப்படிப் பிடித்தாலும் ஆகும் என்று வராது. 1972-ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி இவற்றை வேட்டையாடுவது குற்றம். நாம் வாழும் நாட்டில் உயிரைக் காக்கும் ஒரு சட்டத்தை மீற மார்க்கத்தைத் துணைக்கு இழுக்கக் கூடாது. வழியே இல்லாத பசி என்றால் அது வேறு விஷயம். இன்று இருபத்தைந்து கிராம் பறவையைப் பிடிப்பவருக்குப் பசி காரணம் என்று என்னால் நம்ப முடியவில்லை. அதன் உடம்பில் இருக்கும் கொழுப்பு திரும்பிப் போவதற்கான வழிச்செலவு.

அந்தக் கொழுப்பு சேரும் காலம் பங்குனி. அப்போது அளங்களில் வேலை மும்முரமாக நடக்கும். அம்பாரம் அம்பாரமாக உப்பு குவிந்திருக்கும். கவனித்துப் பார்த்தால், குளிர்காலம் முழுக்கச் சாம்பலும் வெள்ளையுமாக இருந்த வளைமூக்கு உள்ளானின் நெஞ்சு செங்கல் நிறமாக மாறத் தொடங்கியிருக்கும். சித்திரைக்குள் பெரும்பாலானவை வடக்கே கிளம்பிவிடும்.

எல்லாம் போவதில்லை. சென்ற ஆண்டு பிறந்த இளம் பறவைகள் பலவற்றுக்கு அந்த நிறம் முழுமையாக வராது, திரும்பிப் பறக்கும் தயார்நிலையும் வராது. அவை அந்தக் கோடையில் இங்கேயே தங்கிவிடுகின்றன. ஆனி, ஆடி வெயிலில், தொழிலாளிகள் உப்பு வாரும் பாத்திக்கு நாலு பாத்தி தள்ளி, அவையும் சேற்றைக் கிளறிக்கொண்டிருக்கும்.